காசநோய் சிகிச்சையில் இருக்கும்போது வேலைநீக்கம்: ஒன்றரை லட்சத்தை வாங்கிக்கொண்டு ஒதுங்கிவிடலாமா?

வாசகரின் கடிதம்

கோவை மாவட்டத்திலிருந்து வந்த கடிதம் இது. ஆறு பக்கம். ஆளை அடையாளம் காட்டக்கூடியதை எல்லாம் எடுத்துவிட்டுச் சுருக்கித் தருகிறேன்.

எழுதியவருக்கு 38 வயது. பம்ப் உதிரி பாகங்கள் செய்யும் ஒரு தனியார் தொழிற்சாலையில் 2014 ஜூன் மாதம் சி.என்.சி. ஆபரேட்டராகச் சேர்ந்தார். நிரந்தரப் பணி. கடைசியாக வாங்கிய மாதச் சம்பளம் 19,400 ரூபாய். அதில் அடிப்படைச் சம்பளமும் பஞ்சப்படியும் சேர்ந்து 14,300. 2025 மார்ச்சில் விடாத இருமல், எடை குறைந்துகொண்டே வந்தது. ஈ.எஸ்.ஐ. (தொழிலாளர் அரசுக் காப்பீடு) மருத்துவமனையில் நுரையீரல் காசநோய் என்று சொல்லி மார்ச் 17 அன்று சிகிச்சையைத் தொடங்கினார்கள். அன்றிலிருந்து ஈ.எஸ்.ஐ. சான்றிதழோடு விடுப்பு. நடுவில் மே மாதத்தில் 12 நாட்களுக்கு மட்டும் ஈ.எஸ்.ஐ. சான்றிதழ் இல்லை, சொந்த ஊரில் இருந்ததால் அங்கே ஒரு தனியார் மருத்துவரிடம் சான்றிதழ் வாங்கி, அதைப் படமெடுத்து மனிதவள அதிகாரிக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பியிருக்கிறார். ‘ஓகே, டேக் கேர்’ என்று பதில் வந்திருக்கிறது.

ஜூலை 14 அன்று ஈ.எஸ்.ஐ. மருத்துவர், ‘வேலைக்குப் போகலாம், மூன்று மாதம் கனமான எடை தூக்க வேண்டாம், மருந்து தொடர்கிறது’ என்று எழுதிக் கொடுத்தார். அதை எடுத்துக்கொண்டு போனவரை வாசலிலேயே நிறுத்திவிட்டார்கள். இரண்டு வாரம் அலைக்கழித்த பிறகு ராஜினாமா கடிதம் ஒன்றை நீட்டி, ‘கையெழுத்துப் போடு, இல்லாவிட்டால் பி.எஃப். பணம் வராது’ என்றார்கள். இவர் போடவில்லை. ஆகஸ்ட் 11 தேதியிட்ட கடிதம் வீட்டுக்கு வந்தது. ‘தொடர்ச்சியான உடல்நலக் குறைவு காரணமாகவும் சக தொழிலாளர்களின் பாதுகாப்பைக் கருதியும் பணியிலிருந்து விடுவிக்கப்படுகிறீர்கள்.’ வங்கிக் கணக்கில் 19,400 ரூபாய் வந்து விழுந்தது. அதைக் குடும்பச் செலவுக்கு எடுத்துவிட்டார்.

செப்டம்பரில் சிகிச்சை முடிந்து, குணமாகிவிட்டது. இப்போது மாமாவின் கடையில் மாதம் 9,000 ரூபாய்க்கு இருக்கிறார். போன மாதம் நிறுவனத்திலிருந்து ஒருவர் வந்து, ராஜினாமா எழுதிக் கொடுத்தால் எல்லாம் சேர்த்து ஒன்றரை லட்சம் தருவதாகச் சொல்லியிருக்கிறார். மனைவி வாங்கிக்கொள்ளச் சொல்கிறார். மைத்துனர் போலீசில் புகார் கொடுக்கலாம், இல்லாவிட்டால் நேராக ஐகோர்ட்டுக்குப் போகலாம் என்கிறார். நண்பர் ஒருவர், ‘ஏழு மாதம் ஆகிவிட்டது, இனிமேல் ஒன்றும் செய்ய முடியாது’ என்கிறார். ‘நோய் வந்தால் நிறுத்தலாம் என்று சட்டத்திலேயே இருக்கிறதாமே, அப்படியானால் என் பக்கம் என்ன இருக்கிறது?’ என்று கேட்டு முடித்திருக்கிறார்.

பதில்

அன்புள்ள வாசகருக்கு,

உடம்பு தேறியது நல்ல செய்தி. ராஜினாமா கடிதத்தில் கையெழுத்துப் போடாமல் வந்தீர்களே, அது அதைவிட நல்ல செய்தி. என்னிடம் வருகிறவர்களில் பாதிப் பேர் அந்தக் கையெழுத்தைப் போட்டுவிட்டுத்தான் வருவார்கள். அப்புறம் ‘மிரட்டி வாங்கினார்கள்’ என்று நிரூபிக்கும் பாரம் அவர்கள் தலையில் விழும். உங்களுக்கு அந்தச் சிக்கல் இல்லை. உங்களை நிறுத்தியது நிறுவனம்; அதை அவர்களே எழுத்தில், தேதி போட்டு, காரணத்தோடு தந்திருக்கிறார்கள். அந்தக் கடிதத்தைப் பத்திரமாக வையுங்கள். உங்கள் வழக்கில் உங்களுக்கு மிகவும் உதவப்போகிற ஆவணம் அதுதான்.

‘சட்டத்திலேயே இருக்கிறதாமே’ என்ற உங்கள் கடைசிக் கேள்வியிலிருந்து தொடங்குகிறேன். இருக்கிறது, ஆனால் நீங்கள் கேள்விப்பட்ட பொருளில் இல்லை. உங்களை நிறுத்தியபோது இருந்த தொழில் தகராறுகள் சட்டம், 1947 ‘ஆட்குறைப்பு’ என்றால் என்ன என்று சொல்லும் இடத்தில், தொடர் உடல்நலக் குறைவுக்காக ஒருவரை விலக்குவது ஆட்குறைப்பில் சேராது என்கிறது. அதன் விளைவு, ஆட்குறைப்புக்குத் தர வேண்டிய இழப்பீட்டை அந்த வகையில் தர வேண்டியதில்லை என்பது மட்டும். யாருக்கு நோய் வந்தாலும் மறுநாளே அனுப்பிவிடலாம் என்று அந்த வரி அனுமதி கொடுக்கவில்லை. உங்கள் நிறுவனத்தின் ஆலோசகர் அந்த வரியைப் படித்துவிட்டுத்தான் கடிதத்தை எழுதியிருக்கிறார் என்று நினைக்கிறேன். ‘தொடர்ச்சியான உடல்நலக் குறைவு’ என்ற சொற்கள் அப்படியே இருக்கின்றன. பக்கத்தில் இன்னொரு சட்டம் இருப்பதை அவர் பார்க்கவில்லை.

பதினெட்டு மாதக் கணக்கு

அந்த இன்னொரு சட்டம், நீங்கள் மாதாமாதம் சம்பளத்தில் பிடித்தம் கொடுத்துவந்த, உங்களை நிறுத்திய நாளில் நடைமுறையில் இருந்த ஈ.எஸ்.ஐ. சட்டம், 1948. சம்பள உச்சவரம்பு 21,000 ரூபாய். நீங்கள் அதற்குள் வருகிறீர்கள். இந்தச் சட்டத்தின் 73-வது பிரிவு, நோய்க்காலப் பணப்பயன் (நோயால் வேலைக்குப் போக முடியாத நாட்களுக்கு ஈ.எஸ்.ஐ. தரும் தொகை) பெற்றுவரும் தொழிலாளியை அந்தக் காலத்தில் வேலைநீக்கம் செய்யவோ, பணியிலிருந்து விடுவிக்கவோ, தண்டிக்கவோ கூடாது என்கிறது. நோய்க்காகச் சிகிச்சையில் இருப்பவருக்கும் பாதுகாப்பு உண்டு; விதிமுறைகள் அனுமதிக்கும் அளவுக்கு மட்டுமே முதலாளி அதைத் தாண்டலாம். அந்தக் காலத்தில் கொடுக்கும் வேலைநீக்க அறிவிப்பு செல்லாது என்று அதே பிரிவின் அடுத்த உட்பிரிவு சொல்கிறது. மீறுவது குற்றமும்கூட.

சரி, விதிமுறைகள் எவ்வளவு அனுமதிக்கின்றன? 1950-ஆம் ஆண்டின் ஈ.எஸ்.ஐ. பொது ஒழுங்குமுறைகளில் 98-வது ஒழுங்குமுறையைப் பாருங்கள். சாதாரண நோய் என்றால், தொடர்ந்து ஆறு மாதமோ அதற்கு மேலோ சிகிச்சையில் இருந்த பிறகுதான், பணி நிபந்தனைகளும் இடம் கொடுத்தால், முறைப்படி அறிவிப்புக் கொடுத்து விடுவிக்கலாம். காசநோய், தொழுநோய், புற்றுநோய், மனநோய் போன்ற சில நோய்களைத் தனியாகப் பிரித்து, அவற்றுக்கு அந்த ஆறு மாதத்தைப் பதினெட்டு மாதமாக்கியிருக்கிறார்கள். நீண்ட நாள் மருந்து சாப்பிட்டால் குணமாகும், ஆனால் நாள் பிடிக்கும் என்று தெரிந்து எழுதிய விதி அது.

உங்கள் கணக்கைப் போட்டுப் பாருங்கள். சிகிச்சை தொடங்கியது 2025 மார்ச் 17. விடுவித்தது ஆகஸ்ட் 11. ஐந்து மாதம்கூட முழுதாக ஆகவில்லை. பதினெட்டு மாதம் வேண்டாம், ஆறு மாத வரம்பைக்கூட அவர்கள் தொடவில்லை.

நிறுவனத்தின் வழக்கறிஞர் என்ன சொல்வார் என்பதையும் யோசிக்க வேண்டும். ‘ஜூலை 14-லேயே வேலைக்குப் போகலாம் என்று மருத்துவர் எழுதிவிட்டார், அன்றோடு பணப்பயனும் நின்றுவிட்டது, அதனால் 73-வது பிரிவின் பாதுகாப்பு முடிந்துபோனது’ என்பார். அப்படியானால் ஆகஸ்ட் 11 அன்று உங்களுக்கு இருந்த ‘தொடர்ச்சியான உடல்நலக் குறைவு’ என்ன என்று நாம் கேட்போம். வேலை செய்யும் உடல்தகுதி இருந்தது என்றால், வேலைநீக்கக் கடிதத்தில் உள்ள காரணம் பொய். நோயாளியாகவே இருந்தீர்கள் என்றால், பதினெட்டு மாத விதி குறுக்கே நிற்கிறது. இரண்டில் எதைப் பிடித்தாலும் மற்றது கை நழுவும். அந்த ஆகஸ்ட் மாதத்தில் நீங்கள் மருந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தீர்கள் என்பதற்கு மருத்துவமனைச் சிகிச்சை அட்டையே சாட்சி.

‘சக தொழிலாளர்களின் பாதுகாப்பு’ என்ற காரணத்துக்கும் ஒரு வார்த்தை. ஒழுங்காக மருந்து சாப்பிடத் தொடங்கிய சில வாரங்களில் பெரும்பாலானவர்களிடம் தொற்றும் தன்மை போய்விடுகிறது என்பது மருத்துவர்கள் சொல்வது. உங்களுக்கு அப்போது நான்கு மாதம் கடந்திருந்தது. நிறுவனம் உங்களை எந்த மருத்துவரிடமும் அனுப்பிப் பரிசோதிக்கவில்லை, விளக்கம் கேட்கவில்லை, உங்கள் ஈ.எஸ்.ஐ. மருத்துவரிடம் ஒரு வரி எழுதிக் கேட்கவும் இல்லை. பயத்தில் எடுத்த முடிவுக்குப் பாதுகாப்பு என்று பெயர் வைத்திருக்கிறார்கள். தொழிலாளர் நீதிமன்றத்தில் முதலில் கேட்கப்படும் கேள்வியே ‘எந்த மருத்துவ அறிக்கையை வைத்து முடிவு செய்தீர்கள்?’ என்பதாகத்தான் இருக்கும்.

உங்கள் பக்கத்தில் உள்ள ஓட்டை

எல்லாம் உங்களுக்குச் சாதகம் என்று சொல்லி அனுப்பினால் நான் நல்ல வழக்கறிஞன் இல்லை. மே மாதத்து 12 நாட்களைப் பற்றி நீங்கள் கடிதத்தில் ஒரே வரியில் சொல்லிவிட்டுப் போய்விட்டீர்கள். எதிர்த்தரப்பு அங்கேதான் கை வைக்கும்.

பல தொழிற்சாலைகளின் நிலையாணைகளில், அதாவது அங்குள்ள பணி விதிகளில், அனுமதி இல்லாமல் தொடர்ந்து எட்டு நாட்களுக்கு மேல் வராவிட்டால் வேலையைத் தானாகவே விட்டுவிட்டதாகக் கருதலாம் என்று இருக்கும். 1964-ல் சென்னையின் ஒரு பெரிய ஆலை சம்பந்தப்பட்ட வழக்கில் இப்படி ஒரு நிலையாணைப்படி வேலை போனது சரி என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. பிறகு கொண்டுவந்த ஈ.எஸ்.ஐ. சான்றிதழும், 73-வது பிரிவும் அந்தத் தொழிலாளிக்குக் கைகொடுக்கவில்லை. பழைய தீர்ப்புதான், ஆனாலும் எதிர்த்தரப்பு இன்றும் அதைத் தூக்கிக்கொண்டு வரும். நமக்கு ஆறுதல், 1993-ல் அதே நீதிமன்றம், நிலையாணையில் அப்படி எழுதியிருந்தாலும் தொழிலாளியின் விளக்கத்தைக் கேட்காமல், விசாரணை இல்லாமல் பெயரை அடிப்பது இயற்கை நீதிக்கு விரோதம் என்று சொல்லிவிட்டது. அதோடு உங்களுக்கு வந்த கடிதத்தில் ‘வேலையைக் கைவிட்டார்’ என்ற பேச்சே இல்லை. நோய்தான் காரணம் என்று எழுதிக் கொடுத்துவிட்டு நீதிமன்றத்தில் வந்து காரணத்தை மாற்றுவது அவ்வளவு சுலபமில்லை.

எல்லாவற்றுக்கும் மேல் அந்த ‘ஓகே, டேக் கேர்’. நிறுவனத்துக்கு விஷயம் தெரியும், அந்த நேரத்தில் ஆட்சேபிக்கவில்லை என்பதற்கு அந்த மூன்று வார்த்தை போதும். போனை மாற்றிவிடாதீர்கள், அந்த உரையாடலை அழித்துவிடாதீர்கள். திரையைப் படமெடுத்து வைப்பது நல்லது, ஆனால் அந்தப் போனும் கையில் இருக்க வேண்டும். மின்னணு ஆவணத்தை நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும்போது பாரதிய சாட்சியச் சட்டம், 2023-ன் 63-வது பிரிவின்படி ஒரு சான்றிதழ் இணைக்க வேண்டும். அதை வழக்கறிஞர் பார்த்துக்கொள்வார். அந்தத் தனியார் மருத்துவரிடமும் இப்போதே போய், அவருடைய பதிவேட்டில் உங்கள் பெயர் இருக்கிறதா என்று கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு வருடம் கழித்துக் கேட்டால் பதிவேடு இருக்காது.

ஓட்டுநர் தீர்ப்பு உங்களுக்குப் பொருந்துமா?

கடிதத்தோடு ஒரு செய்தித்தாள் நறுக்கை இணைத்திருந்தீர்கள். நிறக்குருடு என்று சொல்லித் தெலங்கானா அரசுப் போக்குவரத்துக் கழகம் ஓய்வு கொடுத்து அனுப்பிய ஓட்டுநருக்கு மாற்று வேலை தர வேண்டும் என்று 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் சொன்ன தீர்ப்பு அது. படித்தால் நம்பிக்கை வரும், ஆனால் உங்கள் வழக்கை அதன்மேல் கட்டாதீர்கள். அங்கே கழகத்துக்கும் தொழிற்சங்கங்களுக்கும் நிறக்குருடு பற்றித் தனியே ஒப்பந்தம் இருந்தது. பணியின்போது ஊனமடைந்தவரை வேலையை விட்டு நீக்கக் கூடாது, அதே சம்பளத்தில் வேறு பணி தர வேண்டும், அப்படிப் பணி இல்லாவிட்டால் உபரிப் பணியிடத்திலாவது வைத்திருக்க வேண்டும் என்று மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 2016-ன் 20-வது பிரிவு சொல்வதும் அரசு நிறுவனங்களுக்கான கட்டளை. அரசுக்குச் சொந்தமான கழகங்களும் கம்பெனிகளும் அதில் வரும். உங்கள் தொழிற்சாலை வராது. தவிர, அந்தச் சட்டத்தின் பட்டியலில் உள்ள 21 குறைபாடுகளில் காசநோய் இல்லை.

அதனால் ‘மூன்று மாதம் லேசான வேலை கொடுத்தே தீர வேண்டும்’ என்று தனியார் நிறுவனத்தை வற்புறுத்த உங்களிடம் உறுதியான சட்டப்பிரிவு எதுவும் இல்லை. கனமான வார்ப்பைத் தூக்கி மாட்ட முடியாத காலத்தில் அவர்கள் உங்களைக் காத்திருக்கச் சொல்லியிருந்தால், ஓரளவு நியாயம் என்றே நானும் சொல்லியிருப்பேன். அவர்கள் காத்திருக்கச் சொல்லவில்லை, கணக்கை முடித்தார்கள். வாதத்தை அந்தப் புள்ளியில் வையுங்கள்.

இதே பக்கத்தைப் படிக்கும் வேறு சிலருக்காக ஒரு குறிப்பு. எச்.ஐ.வி. தொற்றுக்காக வேலைநீக்கம் என்றால் அதற்குத் தனிச் சட்டம் 2017-லேயே வந்து, 2018 செப்டம்பர் 10 முதல் நடைமுறையில் இருக்கிறது. அது தனியார் துறைக்கும் பொருந்தும். தகுதியுள்ள மருத்துவரின் சுயேச்சையான எழுத்துப்பூர்வ மதிப்பீடு இல்லாமல் அந்தக் காரணத்துக்காக யாரையும் நிறுத்த முடியாது, அந்த மதிப்பீட்டின் நகலையும் தர வேண்டும். கடையிலோ வணிக அலுவலகத்திலோ வேலை பார்ப்பவர்கள் தமிழ்நாடு கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டத்தின் 41-வது பிரிவைப் பார்க்க வேண்டும்; அதில் மேல்முறையீட்டுக்கு 30 நாள்தான் அவகாசம், என்னைப் போன்றவர்களுக்குக் கடிதம் எழுதிப் பதிலுக்குக் காத்திருக்க நேரமில்லை.

காலம் கடந்துவிட்டதா?

இல்லை. உங்கள் நண்பர் சொன்னது தவறு. உங்களை நிறுத்திய நாளில் இருந்த தொழில் தகராறுகள் சட்டத்தின் 2-ஏ பிரிவுப்படி, வேலைநீக்கம் நடந்த நாளிலிருந்து மூன்று வருடத்துக்குள் தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் போகலாம். சமரச அதிகாரியிடம் மனுக் கொடுத்து 45 நாள் கழிந்தால் அரசின் பரிந்துரைக்குக் காத்திருக்காமல் நேரே போகலாம். ஆனால் 2025 நவம்பர் 21 முதல் தொழில் உறவுகள் தொகுப்புச் சட்டம் அந்தப் பழைய சட்டத்தின் இடத்துக்கு வந்துவிட்டது. தகராறு எழுந்து இரண்டு வருடம் கடந்தால் சமரச அதிகாரி அதை எடுக்கக் கூடாது என்கிறது புதியது. நடந்த சம்பவத்துக்கு அந்த நாளில் இருந்த சட்டம்தான் பொதுவாக அளவுகோல் என்றாலும், நடைமுறை விஷயத்தில் எதிர்த்தரப்புக்கு ஒரு வாதத்தை இலவசமாகக் கொடுப்பானேன்? இரண்டு வருடத்தையே உங்கள் வரம்பாக வைத்துக்கொள்ளுங்கள். இன்னும் சரியாகச் சொன்னால், இந்த மாதத்தையே வரம்பாக வைத்துக்கொள்ளுங்கள்.

மைத்துனரின் இரண்டு யோசனையும் வேண்டாம். வேலைநீக்கம் போலீஸ் விஷயமில்லை. ஸ்டேஷனில் இரண்டு நாள் உட்கார வைத்துவிட்டு ‘லேபர் ஆபீசுக்குப் போங்க’ என்பார்கள். தனியார் நிறுவனத்தின் மேல் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டால், தொழிலாளர் நீதிமன்றம் இருக்கிறதே என்று திருப்பி அனுப்பவே வாய்ப்பு அதிகம். சிவில் வழக்கும் உதவாது; ஒருவரை மீண்டும் வேலையில் சேர்க்கச் சொல்லும் அதிகாரம் நடைமுறையில் தொழிலாளர் நீதிமன்றங்களிடம்தான்.

ஒரு மாதச் சம்பளத்தைச் செலவழித்ததால் வேலைநீக்கத்தை ஒப்புக்கொண்டதாக ஆகாது. அவர்களாகக் கணக்கில் போட்டார்கள், நீங்கள் எதிலும் கையெழுத்திடவில்லை. பி.எஃப். பற்றிய மிரட்டல் வெறும் மிரட்டல். அந்தப் பணம் நிறுவனத்தின் பெட்டியில் இல்லை, வருங்கால வைப்புநிதி அமைப்பிடம் இருக்கிறது. மாமா கடை வேலையை மறைக்கவும் வேண்டாம், விடவும் வேண்டாம். வேலைநீக்கம் தவறு என்று முடிவானால் பின்சம்பளத்தோடு (வேலை இல்லாமல் இருந்த காலத்துச் சம்பளம்) மீண்டும் வேலை என்பதுதான் இயல்பான விதி என்று 2013-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனால் இடைப்பட்ட காலத்தில் தக்க வருமானமுள்ள வேலையில் இல்லை என்று தொழிலாளி முதலில் சொல்ல வேண்டும். நீங்கள் உள்ளதைச் சொல்லுங்கள்: 19,400 வாங்கியவன் வயிற்றுப்பாட்டுக்கு 9,000-க்குப் போகிறேன் என்று. ‘வேலையே இல்லை’ என்று பொய் சொல்லி, குறுக்கு விசாரணையில் கடையின் படத்தை அவர்கள் எடுத்துக் காட்டினால், மற்ற எல்லாவற்றிலும் நீங்கள் சொன்ன உண்மையும் சந்தேகத்துக்கு உள்ளாகும்.

ஒன்றரை லட்சம் என்றால் உண்மையில் எவ்வளவு?

உங்கள் மனைவி சொல்வதை நான் குறைத்து மதிக்கவில்லை. நோயும் கடனும் வந்துபோன வீட்டில் ஒன்றரை லட்சம் பெரிய தொகை. ஆனால் அது யாருடைய பணம் என்று பிரித்துப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

நீங்கள் 11 வருடம் 2 மாதம் வேலை செய்திருக்கிறீர்கள். உங்களை நிறுத்தியபோது இருந்த பணிக்கொடை (கிராஜுவிட்டி) சட்டம், 1972-ன்படி 14,300-ஐ 26-ஆல் வகுத்து, 15-ஆல் பெருக்கினால் வருடத்துக்கு 8,250 ரூபாய். 11 வருடத்துக்கு 90,750. நீங்கள் ராஜினாமா செய்தாலும், அவர்கள் நிறுத்தினாலும், நாளைக்கே சமாதானமாகப் பிரிந்தாலும் தர வேண்டிய தொகை இது. 30 நாளுக்குள் தந்திருக்க வேண்டும்; தாமதத்துக்கு ஆண்டுக்கு 10 சதவீதம் வட்டியும் சேரும். ‘எல்லாம் சேர்த்து ஒன்றரை லட்சம்’ என்றால், அதில் 90,750 ஏற்கெனவே உங்களுடையது. மிச்சம் 59,250. பதினோரு வருட வேலைக்கும் இனி நீங்கள் பார்க்கக்கூடிய இருபது வருட வேலைக்கும் சேர்த்து அவர்கள் போட்ட விலை அதுதான்.

ஒப்பிட்டுப் பாருங்கள். நோயே இல்லாமல், வேலை இல்லை என்று முறைப்படி ஆட்குறைப்புச் செய்திருந்தால், பணிக்கொடை போக, வருடத்துக்கு 15 நாள் சம்பளம் வீதம் ஏறக்குறைய 1,06,700 ரூபாய் தந்திருக்க வேண்டும். வேலை இழந்த இந்த ஏழு மாதச் சம்பளம் மட்டுமே 1,35,800.

இனி உங்கள் முன்னால் இரண்டு வழி. மீண்டும் வேலை கேட்டு வழக்கு நடத்தலாம். உங்கள் வழக்கு வலுவானது என்று நினைக்கிறேன், ஆனால் தொழிலாளர் நீதிமன்றத்தில் வருடங்கள் ஆகும். நீங்கள் வென்று அவர்கள் மேல்முறையீட்டுக்குப் போனால் இன்னும் நீளும். பழைய சட்டத்தின் 17-பி பிரிவு, அப்படி உயர் நீதிமன்றத்தில் வழக்கு நிலுவையில் இருக்கும்போது கடைசியாக வாங்கிய சம்பளத்தை நிறுவனம் தர வேண்டும் என்கிறது, நீங்கள் வேறு வேலையில் இல்லாவிட்டால். அதற்கு முந்தைய வருடங்களை மாமா கடையோ வேறு வேலையோதான் தாங்க வேண்டும். அந்தத் தொழிற்சாலைக்குத் திரும்பிப் போய் அதே சூப்பர்வைசரின் கீழ் நிற்க மனம் இருக்கிறதா என்பதையும் கேட்டுக்கொள்ளுங்கள். அதற்குச் சட்டப் புத்தகத்தில் பதில் கிடையாது.

இரண்டாவது வழி, பேசி முடிப்பது. அதில் எனக்கு ஆட்சேபணை இல்லை. ஆனால் பேச்சு நடக்க வேண்டிய இடம் உங்கள் வீட்டுத் திண்ணை இல்லை. தொழிலாளர் உதவி ஆணையர் என்ற சமரச அதிகாரியிடம் மனுக் கொடுத்துவிட்டு, அவர் முன்னிலையில் பேசுங்கள். தொழிற்சங்கத்துக்காரர்கள் 12(3) ஒப்பந்தம் என்பார்களே, அந்த மாதிரி அதிகாரி முன் கையெழுத்தாவதைத்தான் ஏற்க வேண்டும். பணிக்கொடை, விடுப்புச் சம்பளம், இழப்பீடு என்று ஒவ்வொன்றும் தனித் தனி வரியாக இருக்கட்டும். ‘ராஜினாமா’ என்ற சொல் வேண்டாம், ‘தகராறு சமரசமாகத் தீர்ந்தது’ என்று இருந்தால் போதும். என்னைக் கேட்டால், பணிக்கொடை போக மூன்று லட்சத்துக்குக் குறைந்து பேசத் தொடங்க மாட்டேன். எங்கே நிறுத்துவது என்பது உங்கள் வீட்டு நிலைமை.

செய்ய வேண்டியவை, வரிசையாக

முதலில் நிறுவனத்துக்கு ஒரு கடிதம். ஒரு பக்கம் போதும். சிகிச்சை தொடங்கிய தேதி, ஜூலை 14 சான்றிதழ், வாசலில் நிறுத்தியது, ஆகஸ்ட் 11 கடிதம், செப்டம்பரில் சிகிச்சை முடிந்தது. ‘நான் வேலைக்குத் தயாராக இருக்கிறேன், பின்சம்பளத்தோடு மீண்டும் சேர்க்கவும்’ என்ற கோரிக்கை. திட்டு, சாபம், வக்கீல் பாஷை எதுவும் வேண்டாம். பழைய ரிஜிஸ்டர் தபால் இப்போது ஸ்பீட் போஸ்டோடு இணைந்துவிட்டது. ஸ்பீட் போஸ்டில் அனுப்பி, கடிதம் போய்ச் சேர்ந்ததற்கான சான்றை வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்து, இரண்டு வாரம் பார்த்துவிட்டு சமரச அதிகாரியிடம் மனு. இதற்குக் கட்டணம் கிடையாது, வழக்கறிஞர் கட்டாயமும் இல்லை. ஆனால் மனுவை எழுதும்போது தொழிலாளர் வழக்கு தெரிந்த ஒருவரோ ஒரு சங்கத்துக்காரரோ பக்கத்தில் இருப்பது நல்லது. வருமானம் போதாது என்றால் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் இலவசமாக வழக்கறிஞர் கேட்கலாம்.

அதே நேரத்தில் ஈ.எஸ்.ஐ. கழகத்தின் உங்கள் பகுதி அலுவலகத்துக்கு 73-வது பிரிவு மீறல் பற்றித் தனிப் புகார். வேலையைத் திருப்பித் தரும் அதிகாரம் அவர்களுக்கு இல்லை, ஆனால் அங்கிருந்து ஒரு விளக்கக் கடிதம் போனால் நிறுவனத்தின் பேச்சுத் தொனி மாறுவதைப் பார்த்திருக்கிறேன்.

பணிக்கொடையைத் தனியாகக் கேட்டு விண்ணப்பியுங்கள். தராவிட்டால் பணிக்கொடைக்கான அரசு அதிகாரியிடம் போகலாம். வேலைநீக்க வழக்கு நடக்கும்போதே இதை வாங்கலாம். ‘என் உரிமைகளுக்குப் பாதகமின்றிப் பெற்றுக்கொள்கிறேன்’ என்று எழுதி வாங்குங்கள். நாளை மீண்டும் வேலையில் சேர்ந்தால் அதைக் கணக்கில் சரிக்கட்டிக்கொள்வார்கள்.

வீட்டுக்கு வந்து போன அந்த ஆள் மறுபடி வந்தால் மரியாதையாக உட்கார வையுங்கள், சொல்வதைக் கேளுங்கள், தேதியையும் சொன்ன தொகையையும் ஒரு நோட்டில் குறித்துக்கொள்ளுங்கள். வெள்ளைத் தாளிலோ முத்திரைத் தாளிலோ எதிலும் கையெழுத்து வேண்டாம். மனைவியிடமும் இதைச் சொல்லி வையுங்கள். நீங்கள் இல்லாத நேரமாகப் பார்த்து வருவார்கள்.